உப்புக்குப் பிணை

ஆனி 14

இந்த நோட்டு என்னிடம் இருப்பது யாருக்கும் தெரியாது. பிணையாக வரும் பிள்ளை எழுதக் கூடாது என்று உடன்படிக்கையின் ஒன்பதாவது வரி சொல்கிறது. எழுதினால் என்ன செய்வார்கள் என்று அதில் இல்லை. இருந்திருந்தால் இவ்வளவு பயந்திருக்க மாட்டேன்.

வாசலில் இரண்டு பெண்கள் என் பையைக் கொட்டிப் பார்த்தார்கள். நோட்டு பாவாடைக்குள் இடுப்பில் இருந்தது. பென்சில் ஜடைக்குள்.

என் பெயர் முத்தெழில். சாரைமேடு அரசு உயர்நிலைப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்பு படிக்க வேண்டியவள். இன்றிலிருந்து ஓராண்டுக்கு அக்கரையில் இருப்பேன். அக்கரை என்றுதான் ஊரில் சொல்வார்கள். நடுவில் ஆறெல்லாம் இல்லை. எங்கள் உப்பளத்தின் கடைசி வரப்பில் கானல் எப்போதும் நின்றுகொண்டிருக்கும். அதற்குள் நடந்தால் இந்தப் பக்கம் ஈரமான ஒரு குன்றின் அடிவாரத்தில் வெளியே வருகிறோம். அதுதான் வாசல்.

அப்பா வரப்பு வரை வந்தார். அம்மாவை விடவில்லை. அதே நேரம் எதிரிலிருந்து ஒரு பெண் வந்தாள். என் வயதுதான் இருக்கும். பெயர் தூமி. நடுவில் கடக்கும்போது ஒருவரையொருவர் தொடக் கூடாது. அவள் என் வீட்டுக்குப் போகிறாள், நான் அவள் வீட்டுக்கு வந்திருக்கிறேன். அவள் பாயில் குப்புறப் படுத்துத்தான் இதை எழுதுகிறேன்.

ஆனி 17

எல்லையில் ஓர் இலையை மெல்லச் சொன்னார்கள். அதிலிருந்து இவர்கள் பேசுவது எங்கள் ஊர்ப் பேச்சாகவே காதில் விழுகிறது. உதடு மட்டும் வேறு எதையோ சொல்கிறது. உதட்டைப் பார்த்தால் தலை சுற்றுகிறது என்பதால் யார் பேசினாலும் கழுத்தைப் பார்க்கிறேன். திமிர் பிடித்தவள் என்று நினைக்கிறார்கள் போலிருக்கிறது.

இந்த வீட்டில் தூமியின் அம்மா மட்டும்தான். பெயர் இயவை. தூமியின் அப்பா குன்றில் வழுக்கி விழுந்து இறந்துவிட்டாராம். நான் அத்தை என்று கூப்பிடுகிறேன். அம்மா என்று கூப்பிடுவதுதான் வழக்கம் என்றார்கள். எனக்கு வரவில்லை. அத்தை வற்புறுத்தவில்லை.

இங்கே வெயில் கிடையாது, வெளிச்சம் மட்டும் இருக்கிறது. துவைத்த துணி காய மூன்று நாளாகிறது. சுவரில் ஒளிரும் பாசி வளர்க்கிறார்கள். இரவில் அதன் பக்கத்தில் படுத்தால் எழுதும் அளவுக்குத் தெரிகிறது.

மறந்துவிடாமல் இருக்க உடன்படிக்கையை எழுதி வைக்கிறேன். ஒரு காலத்தில் எங்கள் ஆட்கள் கானலுக்குள் கையை விட்டு இவர்களுடைய மழையைத் திருடினார்கள். இவர்கள் பதிலுக்குத் தங்கள் மூட்டத்தை எங்கள் பக்கம் திறந்துவிட்டார்கள். மூட்டம் என்பது மண்ணிலிருந்து கிளம்பும் ஒரு புகை. சுவாசித்தவர்களுக்குக் குரல் போய்விடும். எங்கள் பக்கம் ஒரு ஊரே ஊமையானது. அதன் பிறகுதான் சமாதானம். மாதம் நாற்பது குடம் மழை எங்களுக்கு, நாற்பது கூடை உப்பு இவர்களுக்கு. மழைக்குடத்தைக் குளத்தில் ஊற்றினால் விடிவதற்குள் குளம் ஒரு விரற்கடை ஏறும். உப்பை இவர்கள் தின்பதில்லை. வீட்டு வாசலில் கோடாகப் போட்டால் மூட்டம் தாண்டாது.

உப்பு உண்மையா என்று இவர்கள் நாக்குக்குத் தெரியாது. மழை உண்மையா என்று எங்கள் கைக்குத் தெரியாது. அதனால்தான் பிணைப் பிள்ளை. எங்கள் உப்பை நான் சுவைத்துச் சொல்ல வேண்டும். இவர்கள் மழையைத் தூமி தொட்டுச் சொல்ல வேண்டும்.

பொருள் குறைந்தாலோ பொய்யாக இருந்தாலோ அனுப்பியவர்களின் பிள்ளை இன்னும் மூன்று ஆண்டு இருக்க வேண்டும். மற்றவர் பிள்ளை திரும்பிவிடும். இரண்டு பக்கமும் பொய் என்றால் வாசல் மூடப்படும். பிள்ளைகள் நின்ற இடத்திலேயே நின்றுவிடுவார்கள். இது பன்னிரண்டாவது வரி. கிளம்புவதற்கு முன் எங்கள் வீட்டில் இதை வாசித்தபோது அம்மா எழுந்து உள்ளே போய்விட்டாள்.

ஆனி 21

பள்ளிக்கூடத்தில் மாரல் என்று ஒருத்தி. எங்கள் கண்ணீர் உப்புக் கரிக்கும் என்று யாரோ அவளுக்குச் சொல்லியிருக்கிறார்கள். இவர்கள் கண்ணீர் வெறும் தண்ணீர். என்னைப் பார்த்ததும், "ஏ உப்பு, எங்க வீட்டு வாசக்கோடு அழிஞ்சு கிடக்கு. வந்து கொஞ்சம் அழுதுட்டுப் போயேன்" என்றாள். வகுப்பே சிரித்தது. அழக் கூடாது என்று நினைத்தேன். அழுதால் அதை விரலில் தொட்டு நக்கிப் பார்ப்பார்கள்.

ஆடி 3

யாரும் பேசவில்லை. நானும்.

ஆடி 14

முதல் சுவைப்பு. நடுவர் சேந்தர் வந்தார். உடன்படிக்கையை இந்தப் பக்கத்தில் காப்பவர் அவர்தான். ஒல்லியான கிழவர். ஒவ்வொரு கூடையிலிருந்தும் ஒரு கல்லை எடுத்து என் நாக்கில் வைத்தார். நான் "உப்புதான்" என்று சொல்ல வேண்டும். நாற்பது முறை.

முதல் கல்லிலேயே தெரிந்துவிட்டது, கிழக்குப் பாத்தி உப்பு. எங்கள் வீட்டுப் பின்வாசலில் நின்றால் தெரியும் பாத்தி. ஒரு மாதமாக உப்பில்லாத கிழங்குக் கூழ் குடித்தவளுக்கு அது எப்படி இருந்தது என்று எழுதத் தெரியவில்லை. ஒரு கல்லைத் துப்பாமல் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டேன். நடுவர் பார்த்துவிட்டார். "அது உடன்படிக்கைப் பொருள் பிள்ளை" என்றார். பிறகு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஐப்பசி 9

அத்தையுடன் குன்றுக்குப் போனேன். மழை பிடிப்பது அத்தையின் வேலை. உச்சியில் குடங்களைத் திறந்து வைத்துவிட்டு ஒரே சுரத்தில் முனகிக்கொண்டே இருக்க வேண்டும். மழை அந்தச் சுரத்துக்கு இறங்கிக் குடத்துக்குள் போகிறது. நிறுத்தினால் போய்விடும். அத்தைக்கு இருமல் வந்தபோது பாதிக் குடம் மழை எங்கள் தலையில் கொட்டியது. இருவரும் சிரித்துவிட்டோம். எங்கள் ஊர்ப் பெண்கள் குழாயடியில் நிற்பதை நடித்துக் காட்டினேன். அத்தை குடத்தைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

இறங்கும்போது, தூமிக்கு வெயில் ஒத்துக்கொள்ளுமா என்று கேட்டாள். பழகிவிடும் என்றேன். அவள் ராத்திரியில் தண்ணீர் கேட்பாள், யாராவது எழுந்து கொடுப்பார்களா என்றாள். எங்கம்மா கொடுப்பாள் என்றேன். சொன்ன பிறகு எனக்கு என்னவோ போலிருந்தது.

கார்த்திகை 20

உங்கள் கரையில் புயல் என்று நடுவர் சொன்னார். ஆட்களுக்கு ஒன்றுமில்லையாம். பாத்திகளில் பாதி சேறு ஏறிக் கிடக்கிறதாம். கையிருப்பிலிருந்து இன்னும் ஒரு மாதத்துக்கு உப்பு வருமாம். அதற்குப் பிறகு என்ன என்று நான் கேட்கவில்லை.

தை 14

சுவைப்பு. "உப்புதான்" என்றேன். வீட்டுக்கு வந்து நான்கு கிண்ணம் தண்ணீர் குடித்தேன்.

தை 15

நேற்று முழுவதையும் எழுதவில்லை. நோட்டிலும் பொய் சொன்னால் பிறகு எங்கே சொல்வது.

கசந்தது. வாயில் வைத்ததும் உப்பு. பிறகு நாக்கின் அடியில் வேப்பங்கொழுந்து மாதிரி ஒன்று. பாத்தியில் உப்பு விளைந்ததும் அடியில் மிஞ்சும் தண்ணீரை வடித்துவிட வேண்டும். அது கசப்புத் தண்ணீர். வடிக்காமல் அதன் மேலேயே புதுத் தண்ணீர் பாய்ச்சினால் உப்பு சீக்கிரம் கிடைக்கும், நிறையவும் கிடைக்கும். பார்க்க வெள்ளையாகத்தான் இருக்கும். ஆனால் ஈரக்காற்று பட்டால் வேர்த்து ஒழுகிவிடும்.

உடன்படிக்கை அளத்துக்கு அப்பாதான் கங்காணி. வடிக்காமல் உப்பு வாரிய ஒருவரை முன்பு அளத்தை விட்டே அனுப்பியவர். அப்பாவுக்குத் தெரியாமல் ஒரு கூடை வெளியே போகாது.

அப்பா ஏன் இப்படிச் செய்தார் என்று இரவெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தேன். நான்தான் சுவைப்பேன் என்று அவருக்குத் தெரியும். நான் காட்டிக்கொடுக்க மாட்டேன் என்று நினைத்துச் செய்தாரா.

மாசி 14

"உப்புதான்" என்றேன். நாற்பது முறை.

பங்குனி 14

"உப்புதான்."

பங்குனி 22

அத்தை எழுவதற்கு முன் எழுந்துவிடுகிறேன். வாசக்கோடு வேர்த்திருக்கிறது. ஒழுகிய இடத்தைத் துணியால் ஒற்றிவிட்டு மேலே புது உப்பைத் தூவுகிறேன். அதுவும் வேர்க்கிறது. பிள்ளைக்கு எவ்வளவு பொறுப்பு என்று அத்தை பக்கத்து வீட்டில் சொன்னதைக் கேட்டேன்.

சித்திரை 6

மூட்டக் காலம் தொடங்கிவிட்டது. காலையில் குன்றின் பாதி தெரியவில்லை.

சித்திரை 19

மாரல் இன்று பள்ளிக்கு வந்தாள். வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. அவள் தெருவில் ஏழு பேருக்கு அப்படி. கோடு சரியாகத்தான் இருந்தது, காலையில் பார்த்தால் கரைந்திருந்தது என்கிறார்கள்.

மதியம் அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். இவ்வளவு நாளில் இதுதான் முதல் முறை. தரையில் விரலால் ஒரு கோடு போட்டாள். பிறகு என் கண்ணைக் காட்டினாள். விளையாட்டா நிஜமா என்று தெரியவில்லை. அவளும் சிரிக்கவில்லை. நான் புத்தகத்தை எடுத்துக்கொண்டு வேறு இடத்துக்குப் போய்விட்டேன்.

சித்திரை 20

இன்னும் இரண்டு மாதம்கூட இல்லை. போய்விடுவேன். போனதும் அப்பாவிடம் சொல்வேன். அப்பா சரி செய்துவிடுவார். அடுத்து வருகிற பிள்ளைக்கு நல்ல உப்பு வரும்.

வைகாசி 5

துணி துவைக்க ஊற்றுப் பக்கம் போனேன். ஒன்றும் பார்க்கவில்லை.

அத்தை அங்கே இருந்தாள். குடங்களும் இருந்தன. அவ்வளவுதான்.

வைகாசி 6

மழைக்குடத்தில் அத்தை ஊற்றுத் தண்ணீரை மொண்டு ஊற்றினாள். மூடி போட்டு, உச்சியில் முன்பே மழை நிறைந்த குடங்களுக்கு நடுவில் கலந்து வைத்தாள். நிமிர்ந்தபோது நான் நிற்பதைப் பார்த்தாள்.

"பாத்தியா?"

"இல்ல அத்தை."

"நல்லது" என்றாள். துவைத்த துணியில் பாதியை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டாள். படி ஏறும்போது திரும்பாமலே சொன்னாள். "உச்சியில மூட்டம் நிக்குது. ஏறுனா குரல் போயிரும், குரல் போனா ஒரு குடம்கூட நிறையாது. ஒரு குடம் குறைஞ்சா என் பொண்ண அங்கேயே வச்சுக்குவாங்க. நான் என்ன செய்யட்டும் பிள்ளை?"

படியிலேயே நின்றுவிட்டேன். புயலில் பாதிப் பாத்தி போன பிறகு நாற்பது கூடைக்கு அப்பா எங்கே போயிருப்பார். ஒரு கூடை குறைந்தாலும் நான் இங்கேயேதான். இத்தனை மாதம் அப்பாவைத் திட்டிக்கொண்டிருந்தேன்.

தூமியும் நாற்பது குடத்தைத் தொட்டு "மழை" என்று சொல்லிக்கொண்டிருக்கிறாள் என்று இப்போதுதான் தோன்றுகிறது. அவள் கைக்குத் தெரியாமல் இருக்குமா.

வைகாசி 14

"உப்புதான்."

வைகாசி 28

அத்தைக்குக் குரல் போய்விட்டது.

குன்றில் இல்லை. வீட்டில். நான் நன்றாகத் தூங்கிவிட்டேன், வாசக்கோட்டைப் பார்க்க எழவில்லை. மூட்டம் அத்தை படுக்கும் பக்கமாக நுழைந்திருக்கிறது. என் அறை உள்ளே இருந்ததால் எனக்கு ஒன்றுமில்லை. காலையில் அத்தை என்னைத் தொட்டு எழுப்பினாள். நான் விழித்ததும் என் வாயைக் காட்டி, பேசு என்று சைகை செய்தாள். பேசினேன். அப்பாடா என்று நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள்.

வைகாசி 30

வீட்டில் சத்தமே இல்லை. சமைக்கும்போது பாத்திரத்தை வேண்டுமென்றே தட்டுகிறேன்.

ஆனி 4

கூழ் கிண்டினேன். பாசி சுரண்டினேன். அத்தையின் கழுத்தில் துணி சுற்றிவிட்டேன். சூடு பட்டால் இதமாக இருக்கிறதாம். மழைக்குடங்களைத் துடைத்து வாசலுக்கு அருகே அடுக்கினோம். மூடியில் ஊற்றுப் பாசி ஒட்டியவை எவை என்று எனக்குத் தெரியும். அந்தப் பாசியை நான்தான் துடைத்தேன்.

ஆனி 9

நடுவர் சேந்தர் வீட்டுக்கு வந்தார். அத்தையைப் பார்த்தார், வாசக்கோட்டைப் பார்த்தார். பிறகு என்னை வெளியே கூப்பிட்டு, மலையடியில் இருக்கும் கல் களஞ்சியத்தைக் காட்டினார். உடன்படிக்கை செய்த ஆண்டில் வந்த பழைய உப்பு அதில் இருக்கிறதாம். ஊர் முழுவதுக்கும் இரண்டு ஆண்டுக்குப் போதுமாம். நல்ல கோட்டுக்குள் நாற்பது நாள் இருந்தால் குரல் போனவர்களில் சிலருக்குத் திரும்பும் என்றார்.

அப்படியானால் திறக்க வேண்டியதுதானே என்று கேட்டேன்.

வந்த உப்பு பொய் என்று பிணைப் பிள்ளை வாயால் சொன்னால்தான் திறக்க முடியுமாம். பதினோராவது வரி. அவர் நினைத்தாலும் முடியாதாம்.

"எனக்கு உப்பு தெரியாது பிள்ளை. நீ சொல்றதுதான் எனக்கு உப்பு" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. நான் காலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். போய்விட்டார்.

ஆனி 11

மூன்று ஆண்டு என்றால் பதினேழு வயது.

ஆனி 12

அம்மா என்னைக் கூட்டிப்போக வரப்பு வரை வருவாளா, இந்த முறையும் விட மாட்டார்களா. என்ன சமைத்திருப்பாள். ரசம் வைத்தால் போதும். இதையேதான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். வேறு எதையும் நினைக்கக் கூடாது.

ஆனி 13

பையைக் கட்டிவிட்டேன். அத்தை தன் சால்வையை உள்ளே வைத்தாள். எடுத்து வெளியே வைத்தேன். திரும்பவும் வைத்தாள். எங்கள் ஊரில் குளிராது அத்தை என்றேன். பரவாயில்லை என்று தலையாட்டினாள். நாளை மகள் வருகிறாள் என்ற சந்தோஷம் முகத்தில் இருக்கிறது. அவள் வந்தால் இவளால் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட முடியாது.

ஆனி 14

இங்கேயேதான் இருக்கிறேன்.

ஆனி 15

நேற்று நடந்ததை எழுதுகிறேன்.

வாசலில், கானலுக்கு நடுவே, இரண்டு பக்கமும் நின்றோம். எதிரே தூமி. கறுத்துப் போயிருந்தாள். அவளுக்குப் பின்னால் நாற்பது கூடை. கூடைகளுக்குப் பக்கத்தில் அப்பா. எப்போதும் ஆட்கள்தான் கொண்டுவருவார்கள். என்னைக் கூட்டிப்போக வேண்டுமென்று அவரே வந்திருக்கிறார். புதுச் சட்டை போட்டிருந்தார். மடிப்புக் கலையவில்லை.

முதலில் குடங்கள். தூமி ஒவ்வொன்றிலும் கையை விட்டு "மழை" என்று சொல்லிக்கொண்டே வந்தாள். ஒரு குடத்தில் கை நின்றது. நிமிர்ந்து அத்தையைப் பார்த்தாள். அத்தையின் கழுத்தில் துணி. தூமி எதையோ கேட்க வாயெடுத்தாள். அத்தை தலையை அசைத்தாள். "மழை" என்றாள் தூமி. எனக்குத் தெரியும். நான் வாயைத் திறக்கவில்லை. அதைச் சொன்னால் இரண்டு பக்கமும் பொய், வாசலே இருக்காது. ஆனால் நேற்று அந்தக் கணக்கெல்லாம் போட்டதாக நினைவில்லை. அத்தையைப் பற்றிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அவ்வளவுதான்.

பிறகு உப்பு. நடுவர் முதல் கூடையிலிருந்து ஒரு கல்லை எடுத்து என் நாக்கில் வைத்தார்.

அப்பா சிரித்தார். சீக்கிரம் முடி, போகலாம் என்பது போல.

"உப்புதான்" என்று சொல்லத்தான் நினைத்தேன். சத்தியமாக. மூச்சை இழுத்ததும் கசப்பு தொண்டைக்கு இறங்கியது. அந்த இடத்தில்தானே குரல் இருக்கிறது என்று தோன்றியது. அத்தை பக்கத்தில் நின்றாள்; அவள் கை என் தோளில் இருந்தது. நான் போவதற்கு வாழ்த்துவதுபோல அழுத்தினாள்.

"கசக்குது ஐயா" என்றேன். "தையிலேர்ந்து கசக்குது. நான் பொய் சொன்னேன்."

நடுவர் அப்பாவின் பக்கம் திரும்பி, பிள்ளை சொல்வதை மறுக்கிறீர்களா என்று கேட்டார். மறுக்கலாம். மறுத்தால் விசாரணை, ஒரு மாதமோ இரண்டு மாதமோ ஆகும். அதற்குள் மூட்டக் காலம் முடிந்துவிடும். உப்பையும் மாற்றிவிடலாம். அப்பாவுக்கு இதெல்லாம் தெரியாமலிருக்காது.

அப்பா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். தலைத்துண்டை அவிழ்த்தார். முகத்தைத் துடைத்தார். அதைத் தோளில் போட வெகுநேரம் ஆனது.

"புள்ள சொல்றது நெசம்ங்கய்யா" என்றார். "வடிக்காத தண்ணியில எடுத்ததுதான். நாந்தான் வாரச் சொன்னேன். ஆளுங்களுக்கு இதுல ஒண்ணுமில்ல."

பிறகு அத்தையைப் பார்த்து, "மூணு வருசம்மா. பாத்துக்குங்க" என்றார். அத்தையால் பதில் சொல்ல முடியவில்லை. கையெடுத்துக் கும்பிட்டாள்.

நான் அப்பா என்று கூப்பிட்டேனா, நினைத்தேனா என்று தெரியவில்லை. தூமியை அனுப்பினார்கள். அவள் என்னைக் கடந்து போகாமல் என் பக்கத்திலேயே வந்து நின்றாள். அதற்கு உடன்படிக்கையில் வழியில்லை, ஆனால் யாரும் தடுக்கவில்லை. அப்பா கூடைகளை ஒவ்வொன்றாகத் தூக்கிக்கொண்டு திரும்பிப் போனார். அவரேதான் தூக்கினார். கடைசிக் கூடை போகும்வரை பார்த்தேன். பிறகு கானல் மட்டும் இருந்தது.

மாலைக்குள் களஞ்சியத்தைத் திறந்துவிட்டார்கள். பழைய உப்பு பழுப்பாக இருந்தது. ஒரு கல்லை நாக்கில் வைத்தேன். உப்புதான்.

ஆனி 16

அறையில் இப்போது இரண்டு பாய். தூமி தூங்கிவிட்டாள் என்று நினைத்து நோட்டை எடுத்தேன். அவள் தூங்கவில்லை. என் பக்கம் திரும்பிப் பார்த்தாள். யாரிடமாவது சொல்வாயா என்று கேட்டேன். "நான் உங்க வீட்டு அரிசிப் பானைக்குப் பின்னால ஒண்ணு ஒளிச்சு வச்சுட்டு வந்திருக்கேன்" என்றாள். அவளும் எழுதியிருக்கிறாள்.

இன்று முழுவதும் அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. கூழில் ஒன்றுமே இல்லை என்றாள். அத்தை அவள் முகத்தைத் தடவிக்கொண்டே இருந்தாள். தூமி பேசினாள், அத்தை தலையாட்டினாள். நான் எழுந்து பாத்திரம் கழுவப் போய்விட்டேன். அவர்கள் வீடுதானே.

இரவில் மெல்லப் பேசினோம். எல்லாக் குடத்தையும் மழை என்றுதான் சொன்னேன் என்றாள். தெரியும் என்றேன். எங்கம்மாவைப் பற்றி நான் கேட்கவில்லை. அவளே சொன்னாள். வெயிலில் போனால் திட்டுவாளாம். ராத்திரி தண்ணீர் கேட்டால் எழுந்து கொடுப்பாளாம், ஒரு நாளும் முகம் சுளித்ததில்லையாம். கேட்கக் கேட்க, போதும் என்று சொல்லலாமா என்று நினைத்தேன்.

"ஒரு தடவையாவது தவறிப்போய் உன் பேரச் சொல்லி என்னக் கூப்பிட்டுருவாங்கன்னு காத்துட்டு இருந்தேன்" என்றாள். "வருசம் பூரா. கடைசி வரைக்கும் கூப்பிடல."

இதைக் கேட்டதும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. மறைக்க வேண்டியதில்லை, நோட்டுதானே. ரொம்பச் சந்தோஷமாக இருந்தது. பிறகு பார்த்தால் அவள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். முதுகு குலுங்கியது. தன் சொந்த வீட்டில், தன் சொந்தப் பாயில், என் அம்மாவுக்காக அழுதாள்.

ஓராண்டாக இங்கே என்னை எல்லோரும் பிள்ளை என்றுதான் கூப்பிட்டார்கள். இல்லையென்றால் உப்பு. என் பெயரைச் சொல்லி எவ்வளவு நாளானது என்று யோசித்தேன். அந்தப் பெயர் இங்கே யாருக்கும் பயன்படாமல்தான் கிடக்கிறது.

நான் வேண்டுமானால் உன்னை அப்படிக் கூப்பிடட்டுமா என்று கேட்டேன். போடி என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, சரி என்றாள்.

"எழில்" என்று கூப்பிட்டேன். எங்கம்மா கூப்பிடுவது போல, கடைசி எழுத்தைக் கொஞ்சம் இழுத்து.

"ம்" என்றாள்.